சிரிப்புக்கு அரசு விட்ட இடம்: சேத்ரா நால்வரின் இசைப் பகடிகளும் இத்தாலியத் தொலைக்காட்சியும்

1. கேள்வி

1964இன் முற்பகுதியில், இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியான ‘ராய்’, சனிக்கிழமை இரவுகளில் எட்டுப் பகுதிகளாக ஓர் இசை நிகழ்ச்சியை ஒளிபரப்பியது. அதன் பெயர் ‘பிப்லியோத்தேக்கா தி ஸ்டூடியோ ஊனோ’. ஸ்டூடியோ ஊனோவின் நூலகம் என்று சொல்லலாம். ஒவ்வொரு பகுதியிலும் உலகறிந்த ஒரு கதை நடித்துக் காட்டப்பட்டது. பாத்திரங்கள் பெரும்பாலும் பாடினார்கள். பாடிய மெட்டுகள் எல்லாம் மக்கள் ஏற்கெனவே வானொலியிலும் இசைத்தட்டுகளிலும் கேட்டுப் பழகியவை. சொற்கள் மட்டும் புதியவை. நடுவில் நின்று கதையைச் சொல்லியும் நடித்தும் நடத்திச் சென்றவர்கள் சேத்ரா நால்வர்: ஜொவான்னி ஜாகோபெத்தி, விர்ஜிலியோ சவோனா, ஃபெலீச்சே கியூசானோ, லுச்சீயா மன்னூச்சி.

இந்த நிகழ்ச்சியை இன்றும் இத்தாலியர் பாசத்தோடு நினைவுகூர்கிறார்கள். இங்கே எழுப்ப விரும்பும் கேள்வி அந்தப் பாசத்தைத் தாண்டியது. ஒரே ஒரு நிறுவனம், அதுவும் அரசின் பிடியிலுள்ள நிறுவனம், ஒரு நாட்டின் தொலைக்காட்சி முழுவதையும் கையில் வைத்திருந்த காலத்தில், பகடி என்ன செய்ய முடிந்தது? அதிகாரத்தைச் சீண்டாத சிரிப்பு வெறும் பொழுதுபோக்குதானா, அல்லது அதற்குள்ளும் ஒரு விமர்சன வேலை நடந்ததா? சேத்ரா நால்வரின் இசைப் பகடிகளை இந்தக் கேள்விக்கான சோதனைக்களமாக எடுத்துக்கொள்கிறேன்.

2. நிலவும் பார்வைகள்

இந்த நிகழ்ச்சியைப் பற்றி மூன்று விதமான புரிதல்கள் வழக்கில் உள்ளன.

முதலாவது, பொற்காலப் பார்வை. கறுப்பு வெள்ளைத் தொலைக்காட்சியின் நேர்த்தி, ஒழுங்கான ஒத்திகை, ஆபாசமில்லாத நகைச்சுவை, குடும்பம் முழுவதும் கூடி உட்கார்ந்து பார்த்த மாலைகள் என்று அது பேசும். இதில் உண்மை உண்டு. ஆனால் இது நினைவஞ்சலியாகவே நின்றுவிடுகிறது. அந்த நேர்த்தி எதற்குப் பயன்பட்டது என்று கேட்பதில்லை.

இரண்டாவது, கல்விப் பார்வை. ராய் தன்னை நாட்டின் ஆசிரியராகக் கருதிய காலம் அது. அல்பெர்த்தோ மான்ஸி என்ற பள்ளி ஆசிரியர் 1960 முதல் 1968 வரை தொலைக்காட்சி வழியாகவே முதியோருக்கு எழுத்தறிவு புகட்டினார். நாவல்களைத் தொடர்களாக்கி வழங்குவதும் ராயின் முக்கியப் பணியாக இருந்தது. இந்த வரிசையில் வைத்து, சேத்ரா நிகழ்ச்சியையும் இலக்கியத்தை எளிமையாக மக்களிடம் சேர்த்த முயற்சியாகக் காண்பது இப்பார்வை.

மூன்றாவது, ஐயப் பார்வை. ஆளும் கட்சிக்கும் திருச்சபைக்கும் வலிக்காதபடி சிரிக்க வேண்டுமென்றால், நூற்றாண்டுக்கு முந்தைய பிரெஞ்சு நாவல்களைக் கேலி செய்வதே பாதுகாப்பானது. ஆகவே இது பணிந்துபோன நகைச்சுவை என்பது அதன் வாதம்.

மூன்றும் ஒரு முன்முடிவைப் பகிர்ந்துகொள்கின்றன: இந்தப் பகடியின் இலக்கு புத்தகம்தான் என்று மூன்றுமே நம்புகின்றன. அந்த நம்பிக்கை சரியா என்று பார்க்க, இந்த வடிவம் எங்கிருந்து வந்தது என்பதை முதலில் அறிய வேண்டும்.

3. வானொலியில் உருவான வடிவம்

புகழ்பெற்ற கதையைப் பாட்டோடு கேலியாகச் சொல்லும் முறையை நிகழ்ச்சியின் இயக்குநரான ஃபால்க்வியோ சேத்ரா நால்வரோ கண்டுபிடிக்கவில்லை. 1934இல், ராயின் முன்னோடியான ‘எய்யார்’ வானொலியில் ‘நான்கு துப்பாக்கி வீரர்கள்’ என்ற தொடர் தொடங்கியது. அலெக்சாந்தர் தூமாவின் ‘மூன்று துப்பாக்கி வீரர்கள்’ நாவலை ஆஞ்ஜெலோ நீத்சாவும் ரிக்கார்தோ மோர்பெல்லியும் பகடியாக்கி எழுதினார்கள். பெருஜினா, புயித்தோனி என்ற உணவு நிறுவனங்கள் அதன் விளம்பரதாரர்கள். பாத்திரங்களின் படங்கள் அச்சிட்ட சிறு அட்டைகளை அந்த நிறுவனங்கள் தம் பொருள்களோடு கொடுத்தன. முழுத் தொகுதி சேர்த்தவர்களுக்குப் பரிசுகள் கிடைத்தன. எளிதில் கிடைக்காத ‘கொடிய சலாதீன்’ அட்டையைத் தேடி நாடே அலைந்தது. அந்த அட்டையின் பெயரிலேயே 1937இல் ஒரு திரைப்படமும் வந்தது. தூமாவைப் படிக்காதவர்களும் தூமாவின் பாத்திரங்களைத் தெரிந்துகொண்ட முதல் பெரிய அலை அது எனலாம்.

இணைக்குரல் பாட்டின் வழியும் வானொலியிலிருந்தே வருகிறது. ஹங்கேரியத் தந்தைக்கும் டச்சு யூதத் தாய்க்கும் பிறந்த லெஸ்கானோ சகோதரிகள் மூவர், 1936 முதல் தூரின் நகர வானொலியில் பாடி நாடெங்கும் புகழ்பெற்றார்கள். கார்லோ பிராத்தோ என்ற இசை ஆசிரியர் அவர்களுக்குப் பயிற்சி தந்தார். அமெரிக்கச் சகோதரிக் குழுக்களின் பாணியை இத்தாலிய மொழிக்கு இசைவாக்கி, விளையாட்டுத்தனமான பாட்டுகளை நெருக்கமான மூன்று குரல்களில் பாடியது அவர்கள் தனித்தன்மை. 1938இன் இனச் சட்டங்களுக்குப் பின்னும் சில ஆண்டுகள் அவர்களின் புகழ் அவர்களைக் காத்தது. 1943இல் வானொலிக் கதவு மூடியது. போருக்குப் பின் அவர்கள் தென்னமெரிக்காவுக்குச் சென்றார்கள். இலேசான பாட்டு எவ்வளவு இலேசாக இருந்தாலும் அரசின் நிழலுக்கு வெளியே அது இருந்ததில்லை என்பதற்கு அந்த மூவரின் வாழ்க்கை முதல் சான்று.

சேத்ரா நால்வர் இந்த இரண்டு வழிகளும் கூடும் இடத்தில் நிற்கிறார்கள். 1940இல் உரோமில் நான்கு இளைஞர்கள் தம் பெயர்களின் முதலெழுத்துகளைச் சேர்த்து ஒரு குழுவைத் தொடங்கினார்கள். அமெரிக்கக் கறுப்பினக் குழுவான மில்ஸ் சகோதரர்கள் அவர்களுக்கு முன்மாதிரி. அடுத்த ஆண்டுகளில் ஆட்கள் மாறினார்கள். சவோனாவும் கியூசானோவும் வந்து சேர்ந்தார்கள். வானொலியோடு இணைந்திருந்த சேத்ரா இசைத்தட்டு நிறுவனத்தின் பெயரே குழுவின் பெயராயிற்று. 1947இல் என்ரீக்கோ தே ஆஞ்செலிஸ் விலக, அவர் இடத்துக்குச் சவோனாவின் மனைவி லுச்சீயா மன்னூச்சி வந்தார். ஆண்குரல் நான்கு என்றிருந்த அமைப்பில் ஒரு பெண்குரல் சேர்ந்ததும் குழுவின் இயல்பே மாறியது. காதலன், காதலி, கணவன், மனைவி, அயலார் என்று பாத்திரங்கள் பிறந்தன. பாட்டு நாடகமாகத் தொடங்கியது.

4. பாட்டே ஒரு சிறு நாடகம்

அந்த நாடகத்தன்மை மெருகேறியது ‘ரிவிஸ்தா’ என்ற ஆடல் பாடல் நகைச்சுவை மேடையில். கரினேய், ஜொவான்னீனி என்ற இரட்டை எழுத்தாளர்கள் எழுதி, கோர்னி கிராமர் இசையமைத்த மேடை நிகழ்ச்சிகளில் நால்வரும் நடித்தார்கள். வாந்தா ஓசிரிஸ் முன்னின்று நடித்த ‘கிரான் பராவுந்தா’ (1952) அவற்றில் ஒன்று. மேடை அவர்களுக்கு உடல்மொழியைக் கற்றுக் கொடுத்தது. மெல்லிய மீசையுடன் நெட்டையான ஜாகோபெத்தி, வழுக்கைத் தலைக் கியூசானோ, கண்ணாடி அணிந்த சவோனா, அவர்களிடையே மன்னூச்சி என்று பார்த்தவுடன் அடையாளம் தெரியும் நான்கு உருவங்கள் பின்னாளில் தொலைக்காட்சிக்குப் பெருஞ்சொத்தாயின.

அவர்களின் இசைத்தட்டுகளும் இதே திசையில் சென்றன. பாட்டு வரிகளைப் பெரும்பாலும் ஜாகோபெத்தியும் இசையைச் சவோனாவும் உருவாக்கினார்கள். ‘ஒரு பிளாட்டர்ஸ் இசைத்தட்டு’ என்ற பாட்டில், அப்போது உலகெங்கும் ஒலித்த அமெரிக்கக் குழு ஒன்றின் பாணியையே பாட்டின் பொருளாக்கினார்கள். ‘ஆனாலும் அவளுக்கு என்மேல் அன்புண்டு’ என்ற பாட்டிலோ, காதலி தன்னைக் கொல்ல முயலும்போதெல்லாம் அது அன்பின் அடையாளம் என்று நம்புகிறான் ஒருவன். கொடூரமான செய்தியும் துள்ளலான மெட்டும் மோதிக்கொள்வதே அதன் நகைச்சுவை. பண்ணை விலங்குகளின் ஒலிகளை அடுக்கிக்கொண்டே போகும் 1949ஆம் ஆண்டின் குழந்தைப் பாட்டும், வால்ட் டிஸ்னியின் ‘டம்போ’ படத்து இத்தாலியப் பதிப்பில் காக்கைகளுக்கு அவர்கள் தந்த குரலும் அதே கைவண்ணத்தின் வேறு முகங்கள்.

இங்கே ஒரு முக்கியமான செய்தி வெளிப்படுகிறது. சேத்ரா நால்வரின் நகைச்சுவை தொடக்கத்திலிருந்தே இசையைப் பற்றிய நகைச்சுவை. ஒரு பாணியின் வழக்கங்களை உள்ளிருந்து அறிந்து, அவற்றைச் சற்றே மிகைப்படுத்தி, கேட்பவரின் காதைக் கூர்மையாக்குவது அதன் வழி. 1964இன் ‘நூலக’த்தைப் புரிந்துகொள்ளத் திறவுகோல் இதுவே.

5. எட்டுக் கதைகளின் கட்டமைப்பு

இத்தாலியில் முறையான தொலைக்காட்சி ஒளிபரப்பு தொடங்கிய நாள் 1954 ஜனவரி 3. அரசியல் சாசன நீதிமன்றம் 1960இல் அரசின் தனியுரிமையை உறுதிசெய்தது. 1961இல் இரண்டாம் அலைவரிசை வந்தது. அதையும் ராயே நடத்தியது. அதே ஆண்டு அந்தொனெல்லோ ஃபால்க்வி இயக்கிய ‘குளிர்காலத் தோட்டம்’ என்ற நிகழ்ச்சியில் சேத்ரா நால்வரும் இடம்பெற்றார்கள். அதன் வெற்றியைத் தொடர்ந்து ஃபால்க்வி ‘ஸ்டூடியோ ஊனோ’வைத் தொடங்கினார். உரோமின் தெயுலாதா தெருவிலிருந்த ராயின் முதலாம் படப்பிடிப்புக் கூடமே அந்தப் பெயரின் மூலம். வெள்ளைப் பின்புலம், பளபளக்கும் தரை, தேவையற்ற எதுவும் இல்லாத அரங்கு என்று ஃபால்க்வி ஒரு காட்சிமொழியை அங்கே நிறுவினார்.

‘நூலகம்’ அந்தக் கூடத்தின் நீட்சி. ஃபால்க்வியும் தீனோ வெர்தேயும் எழுதினார்கள். இசைக்குழுவுக்குப் புரூனோ கன்ஃபோரா தலைமை. வெர்தேயின் பங்கைத் தனியாகக் கவனிக்க வேண்டும். 1959இல் சான்ரெமோ விழாவில் தொமேனிக்கோ மொதூஞ்ஞோவுக்கு வெற்றி தேடித்தந்த ‘பியோவே’ பாட்டை மொதூஞ்ஞோவோடு சேர்ந்து எழுதியவர் அவர். ஒரு பாட்டு எப்படி மக்கள் நாவில் ஏறுகிறது என்பதை நேரடியாக அறிந்த ஒருவரே, பாட்டுகளைப் பிரித்து மறுபடி கோக்கும் வேலையையும் செய்தார்.

எட்டுக் கதைகள் இவை: மொந்தெகிறிஸ்தோ கோமகன், மூன்று துப்பாக்கி வீரர்கள், ரொசெல்லா ஓஹாராவின் கதை (‘கான் வித் த விண்ட்’ நாவலின் நாயகிக்கு இத்தாலியில் வழங்கும் பெயர்), வெனிஸின் ரொட்டிக்கடைப் பையன், ஸ்கார்லெட் பிம்பர்னல், டாக்டர் ஜெகிலும் மிஸ்டர் ஹைடும், கிராண்ட் ஹோட்டல், ஒடிஸி.

காட்சியின் இயக்கத்தை மூன்று செயல்களாகப் பிரிக்கலாம். ஒன்று, தேர்வு. பார்வையாளர் ஓரிரு நொடிகளில் இனங்காணக்கூடிய மெட்டாக இருக்க வேண்டும். இரண்டு, இடமாற்றம். மெட்டு தன் பழைய உணர்வைச் சுமந்தபடியே புதிய சூழலுக்குள் வருகிறது. கடற்கரைக் காதலுக்காகப் பிறந்த மெட்டில் ஒரு கைதி தன் சிறைவாசத்தைப் புலம்பும்போது, கேட்பவர் மனத்தில் பழைய சொற்களும் புதிய சொற்களும் ஒரே நேரத்தில் ஒலிக்கின்றன. சிரிப்பு பிறப்பது அந்த இரட்டை ஒலியில். மூன்று, தொடுப்பு. ஒரு மெட்டு முழுதாக ஓடுவதில்லை. சில அடிகளிலேயே அது அடுத்த மெட்டுக்குக் கைமாறுகிறது. உரையாடலின் ஒவ்வொரு திருப்பத்துக்கும் ஒரு மெட்டு என்று கதை விரைகிறது.

இந்த வேகத்தைத் தாங்குவதற்கு நான்கு குரல்கள் தேவைப்பட்டன. நால்வரும் பாத்திரங்களாக நடிப்பார்கள். மறுகணமே சேர்ந்து நின்று கதைசொல்லிகளாவார்கள். அன்றைய புகழ்பெற்ற பாடகர்களும் நடிகர்களும் விருந்தினராக வந்து மற்றப் பாத்திரங்களை ஏற்றார்கள். மக்களுக்குத் தெரிந்த முகம், தெரிந்த மெட்டு, தெரிந்த கதை என மூன்று அறிமுகங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அமைந்தன. அவற்றுக்கிடையே எழுந்த பொருத்தமின்மையே நிகழ்ச்சியின் உயிர்.

6. கேலிக்கு உள்ளானது எது?

இனி, மூன்று பார்வைகளும் பகிர்ந்துகொண்ட முன்முடிவுக்குத் திரும்பலாம். இலக்கு புத்தகம்தானா?

பட்டியலை மறுபடி நோக்கினால் இரண்டு செய்திகள் புலப்படும். முதலாவது, தாந்தே இல்லை, மன்சோனி இல்லை. பள்ளிக்கூடத்தில் ஒவ்வொரு மாணவரும் கட்டாயம் படிக்கும் மன்சோனியின் ‘மணப்பெண்ணும் மணமகனும்’ நாவல்கூட இல்லை. எட்டில் இத்தாலியப் படைப்பு ஒன்றே ஒன்று: செய்யாத குற்றத்துக்குத் தூக்கிலேறும் வெனிஸ் ரொட்டிக்கடைப் பையனின் கதை. அது பிரான்செஸ்கோ தல்லோங்காரோ எழுதிய பத்தொன்பதாம் நூற்றாண்டு நாடகத்தின் வழியாக மக்களிடம் பரவியது. இரண்டாவது, எட்டும் 1964க்கு முன்பே திரைப்படங்களாக வந்தவை. ஒடிஸிகூட, 1954இல் கிர்க் டக்ளஸ் நடித்த ‘உலிசே’ வழியாக மக்களுக்கு அறிமுகமாகியிருந்தது. எனவே பெயர் நூலகம் என்றாலும், அலமாரியில் இருந்தவை திரையரங்கில் கண்ட கதைகளே. இலக்கியத்தை மக்களிடம் கொண்டு சேர்த்தது என்ற கல்விப் பார்வை இந்த இடத்தில் தளர்ந்துபோகிறது. கதைகள் ஏற்கெனவே மக்களிடம் இருந்தன.

கால வரிசையும் இதையே சொல்கிறது. ராய் ‘மொந்தெகிறிஸ்தோ கோமக’னைத் தீவிரமான தொடராகத் தயாரித்து ஒளிபரப்பியது 1966இல். ஃபிராங்கோ ரோசியின் ‘ஒடிஸி’ 1968இல் வந்தது. ஜோர்ஜியோ அல்பெர்த்தாத்சியின் ‘ஜெகில்’ 1969இல் வந்தது. இந்த மூன்று கதைகளுக்கும் சேத்ராவின் பகடியே முந்தியது. மூலத்தைத் தொலைக்காட்சி மரியாதையோடு வழங்கிய பிறகு கேலி செய்வதுதான் வழக்கம். இங்கே வரிசை தலைகீழாக உள்ளது. 1990இன் ஒரு நிகழ்ச்சியோடு ஒப்பிட்டால் வேறுபாடு தெளிவாகும். அன்னா மார்க்கெசீனி, மாசிமோ லோப்பெஸ், துல்லியோ சொலெங்கி ஆகிய நகைச்சுவை மூவர், மன்சோனியின் நாவலை ஐந்து பகுதிகளில் பகடி செய்தார்கள். அதற்குச் சற்று முன்பு, 1989இல், ராய் அதே நாவலைப் பெரும் பொருட்செலவில் தீவிரத் தொடராக வழங்கியிருந்தது. அந்த மூவரின் கேலிக்கு ஆளானது தொலைக்காட்சியே. அதன் ஆடம்பரமும் அதன் மற்ற நிகழ்ச்சிகளின் பாணியும் அங்கே சிரிப்புக்கு உள்ளாயின. சேத்ரா நால்வருக்கு 1964இல் அப்படிக் கேலி செய்வதற்கு ஒரு தொலைக்காட்சி மரபே இன்னும் முதிரவில்லை.

அப்படியானால் எஞ்சுவது பாட்டு. 1951இல் சான்ரெமோ விழா தொடங்கியது முதல், ஆண்டுதோறும் புதிய பாட்டுகள் தேசியச் செய்திகளாயின. வெற்றிப் பாட்டு எதுவானாலும் அது தன்னை ஈடிணையற்ற உணர்ச்சியாக முன்வைத்தது: இந்தக் கண்ணீர் இந்தக் காதலுக்கே உரியது என்றது. சேத்ரா நால்வர் அந்தக் கூற்றைச் சோதித்தார்கள். அந்தக் கண்ணீர் மெட்டு கேரட் விற்கவும், வாள்வீசவும், சதி செய்யவும் எளிதாக இசைந்துபோகும் என்று காட்டினார்கள். பாட்டுத் தொழிலின் பொருள் எவ்வளவு எளிதாக உருமாறும் என்பது சனிக்கிழமை இரவுதோறும் நடுக்கூடத்தில் மெய்ப்பிக்கப்பட்டது. அதைச் செய்தவர்கள் அதே தொழிலின் மிகத் தேர்ந்த கைவினைஞர்கள். ஆகவே அந்தச் சோதனையில் இளக்காரம் இல்லை. மெட்டின்மீதுள்ள பற்றும் அதன் பொய்யைக் கண்டுகொள்ளும் கூர்மையும் சேர்ந்தே இருந்தன.

இதற்கு மொழி சார்ந்த ஒரு பின்னணியும் உண்டு. 1951இன் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இத்தாலியர்களில் ஏறத்தாழ 13 சதவீதத்தினர் எழுத்தறிவில்லாதவர்கள். வீட்டிலும் தெருவிலும் வட்டார மொழிகளே பெரும்பான்மையோருக்குப் பேச்சு. இத்தாலிய மொழி நாடெங்கும் பொதுப் பேச்சாகப் பரவியதில் வானொலி, சினிமா, தொலைக்காட்சி ஆகியவற்றின் பங்கைத் துல்லியோ தே மௌரோ 1963இல் வெளியிட்ட மொழி வரலாற்று நூலில் விரிவாகக் காட்டினார். சிசிலிக்காரரும் வெனிஸ்காரரும் ஒரே வேளையில் புரிந்து சிரிக்கத் தேவையான பொதுச் செல்வம் பள்ளிப்பாடத்தில் குறைவு. திரைக்கதையிலும் பாட்டிலும் மிகுதி. ‘நூலகம்’ அந்தச் செல்வத்தையே மூலப்பொருளாக்கியது. இத்தாலியர் தமக்குள் பொதுவாக எதை வைத்திருக்கிறார்கள் என்பதை அவர்களுக்கே எடுத்துக் காட்டிய நிகழ்ச்சி அது.

7. எல்லைக்கோடு

ஐயப் பார்வையின் வாதத்தைத் தள்ளிவிட முடியாது. அதற்கு வலுவான சான்றுகள் உண்டு.

ராயின் தொலைக்காட்சியில் அதிகாரத்தைத் தொட்டவர்கள் என்ன ஆனார்கள்? ஊகோ தொஞ்ஞாத்சியும் ரைமொந்தோ வியனெல்லோவும் ‘ஒன்று, இரண்டு, மூன்று’ என்ற நகைச்சுவை நிகழ்ச்சியை 1954 முதல் நடத்திவந்தார்கள். 1959 ஜூனில் மிலானின் லா ஸ்காலா அரங்கில், பிரெஞ்சு அதிபர் தெகோலின் அருகே உட்காரப்போன இத்தாலியக் குடியரசுத் தலைவர் குரோங்கி நாற்காலி தவறி விழுந்தார். செய்திகளில் அது வரவில்லை. இருவரும் அந்த விழுதலை நேரலையில் நடித்துக் காட்டினார்கள். நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது. 1962இல் தாரியோ ஃபோவும் ஃபிராங்கா ராமேயும் ‘கன்சொனீசிமா’ என்ற புகழ்பெற்ற பாட்டுப் போட்டி நிகழ்ச்சியை நடத்தினார்கள். கட்டடத் தொழிலாளர்களின் பாதுகாப்பின்மை பற்றிய நாடகத் துணுக்கை வெட்டச் சொன்னதால் நிகழ்ச்சியிலிருந்து வெளியேறினார்கள். 1977வரை ராயின் கதவு அவர்களுக்குத் திறக்கவில்லை. பாட்டுகளையும் முன்கூட்டியே கேட்டுத் தகுதி பார்க்கும் குழு ஒன்று ராயில் இருந்தது.

தாரியோ ஃபோ வெளியேறி ஒன்றரை ஆண்டுக்குள் ‘நூலகம்’ ஒளிபரப்பானது. எத்தோரே பெர்னபேய் 1961 முதல் தலைமை இயக்குநராக இருந்து ராயை வழிநடத்திய காலம் அது. தூமாவும் ஹோமரும் மானநட்டம் கேட்டு வழக்குப் போடமாட்டார்கள். சேத்ரா நால்வரின் பகடி அந்த வசதியான இடத்தில்தான் செழித்தது. அதை மறைப்பது வரலாற்றுக்கு நேர்மையாகாது.

ஆனால் இந்த வாதம் ஓர் இடத்தில் தவறுகிறது. அங்கதத்தை மட்டுமே விமர்சனமாக அது ஏற்கிறது. ஆட்சியாளரைக் குத்திக்காட்டுவது அங்கதம். ஒரு வடிவத்தின் உள்ளியக்கத்தை வெளிக்காட்டுவது பகடி. முதலாவதை ராய் அனுமதிக்கவில்லை. இரண்டாவதன் ஆற்றலை ராய் கவனிக்கவே இல்லை. தணிக்கையாளர் சொற்களைப் படித்துப் பார்த்தார்கள். மெட்டுக்கும் சொல்லுக்கும் இடையே நடப்பதைத் தாளில் படிக்க முடியாது. அதைக் காது மட்டுமே அறியும்.

8. 1964இன் மற்றொரு விமர்சனம்

அதே 1964இல் இத்தாலியப் பாட்டுத் தொழிலைப் பற்றி வேறொரு விமர்சனமும் வெளிவந்தது. தூரினைச் சேர்ந்த ‘கந்தாக்ரோனக்கே’ என்ற மாற்று இசைக் குழுவோடு தொடர்புடைய மிக்கேலே ஸ்திரானியேரோ, செர்ஜியோ லிபெரோவிச்சி, எமிலியோ யோனா, ஜோர்ஜியோ தே மரியா ஆகிய நால்வர் ‘குற்ற மனசாட்சியின் பாட்டுகள்’ என்ற நூலை வெளியிட்டார்கள். நுகர்வுக்காகத் தயாரிக்கப்படும் பாட்டு கேட்பவரைச் சிந்திக்கவிடாமல் ஆற்றுப்படுத்துகிறது என்பது அதன் அடிப்படை வாதம். முன்னுரை எழுதியவர் உம்பெர்த்தோ எக்கோ. ஐம்பதுகளில் ராயிலேயே பணியாற்றியவர் அவர். அதே ஆண்டு வெளிவந்த தம் சொந்த நூலில், வெகுமக்கள் பண்பாட்டை ஊழிக்காலமாகக் கண்டு அஞ்சுவோர், அதோடு முற்றிலும் இணங்கிப்போவோர் என்ற இரு தரப்பையும் அவர் கேள்விக்குள்ளாக்கினார். இரு தரப்பும் அந்தப் பண்பாட்டின் பொருள்களை ஒவ்வொன்றாக எடுத்து ஆராயத் தவறுகின்றன என்பது அவரது குறை.

சேத்ராவின் நிகழ்ச்சியை அந்த அளவுகோலால் அளந்து பார்க்கலாம். அது தொழிலுக்குள்ளிருந்து வந்தது. அஞ்சுவோர் அதை ஏற்க மாட்டார்கள். அது தொழிலின் மாயத்தைக் கலைத்தது. முற்றிலும் இணங்கியோர் செய்யும் வேலை அதுவன்று. நூல் கோட்பாட்டில் சொன்னதன் ஒரு பகுதியை நிகழ்ச்சி நடைமுறையில் காட்டியது: வணிகப் பாட்டில் மெட்டும் உணர்ச்சியும் ஒன்றோடொன்று பிரிக்க முடியாதவையல்ல. நூல் சில ஆயிரம் பேரைச் சென்றடையும். தொலைக்காட்சி உரிமம் பெற்ற வீடுகளோ அப்போது ஏறத்தாழ 50 லட்சம். ஆனால் நூல் எழுப்பிய அடுத்த கேள்வியை நிகழ்ச்சி எழுப்பவில்லை. இந்தப் பாட்டுகளை யார், எந்த நலனுக்காக உற்பத்தி செய்கிறார்கள் என்பதே அந்தக் கேள்வி. பகடியின் எல்லை அங்கே முடிகிறது.

பின்னர் நடந்தது இந்த வாசிப்புக்கு வலுச் சேர்க்கிறது. நால்வரும் 1968இல் ‘பாடாதே, சுடு’ என்ற கௌபாய் இசைப் பகடித் தொடரில் நடித்தார்கள். எழுபதுகளிலிருந்து சவோனா குழுவின் பணிகளோடு வேறொரு வழியிலும் நடந்தார்: ‘குற்ற மனசாட்சியின் பாட்டுகள்’ நூலாசிரியர்களில் ஒருவரான ஸ்திரானியேரோவோடு சேர்ந்து மக்கள் பாட்டுகளைத் தொகுத்தார். புலம்பெயர்ந்தோர் பாட்டுகள், முதல் உலகப்போரின் பாட்டுகள், பாசிச எதிர்ப்புப் போராட்டப் பாட்டுகள் என நூல்கள் வந்தன. படைவீரர்களும் உழவர்களும் தெரிந்த மெட்டுகளில் தம் சொற்களை ஏற்றிப் பாடியவை அந்தத் தொகுப்புகளில் ஏராளம். பிரபல மெட்டில் புதுச் சொல் கோக்கும் கலையைத் தொலைக்காட்சியில் நடத்திக்காட்டிய கலைஞரே, மக்கள் நடுவே அதே கலை எதிர்ப்பின் கருவியாக இயங்கியதையும் ஆவணப்படுத்தினார். 1964இல் எதிரெதிர் முகாம்களில் நிற்பவர்களாகத் தோன்றியவர்கள் ஒரே மேசையில் அமர்ந்து பணியாற்றியதைத் தற்செயல் என்று கொள்ள முடியாது. பாட்டு என்பது பிரித்துப் பார்த்து ஆராயத்தக்க பொருள் என்ற நம்பிக்கை இருவருக்கும் பொதுவாக இருந்தது.

9. முடிவுரை

தொகுத்துச் சொன்னால்: சேத்ரா நால்வரின் இசைப் பகடி இலக்கியத்தைப் பரப்பிய கல்வித் திட்டமும் அன்று, வெறும் பழமைப் பெருமையும் அன்று. முப்பதுகளின் வானொலிப் பகடி, இணைக்குரல் பாட்டு, ரிவிஸ்தா மேடை ஆகிய மூன்றும் கூடி உருவான ஒரு வடிவம் அது. அரசியல் அங்கதத்துக்கு இடமில்லாத தொலைக்காட்சியில், அதிகாரத்தைத் தொடாமலேயே அது வாழ்ந்தது. அந்தக் குறையை அதன் கணக்கிலிருந்து அழிக்க முடியாது. தொஞ்ஞாத்சி, வியனெல்லோ, ஃபோ, ராமே ஆகியோர் கொடுத்த விலையை நினைத்தால் அழிக்கவும் கூடாது. ஆனால் தனக்கு விடப்பட்ட இடத்துக்குள், அன்றைய பாட்டுத் தொழில் விற்ற உணர்ச்சிகளை எப்படிக் கேட்க வேண்டும் என்பதைப் பல லட்சம் பேருக்கு அது பழக்கியது. விமர்சனத்தின் முதற்படி அதுவே.

நகைச்சுவையை மதிப்பிடும்போது, அது யாரைத் தாக்கியது என்று மட்டும் நாம் கேட்கிறோம். எந்தப் பொருளை எடுத்தது, எந்தக் கருவியால் பிரித்தது, பார்த்தவருக்கு என்ன புதிய பழக்கம் தந்தது என்றும் கேட்க வேண்டும். அப்படிக் கேட்காத ஆய்வு, இலேசான கலைகளின் உழைப்பை ஏக்கத்துக்கோ ஏளனத்துக்கோ விட்டுவிடும். 1940 முதல் 1988வரை நீடித்த சேத்ரா குழுவின் பணி அந்த இரண்டையும்விடக் கூடுதலான கவனத்துக்கு உரியது.